பெண்களின் சமய வரலாற்றைத் தேடி எழுதுவது எப்படி: சென்னையில் தொடங்குவோருக்கு ஒரு வழிகாட்டி

பெண்களும் சமயமும் என்ற பொருளில் எழுத முனைபவர்களில் பலர், சாத்திரங்களும் வேத நூல்களும் பெண்ணைப் பற்றி என்ன சொல்கின்றன என்ற கேள்வியோடு தொடங்கி, அந்தக் கேள்வியோடேயே முடித்துவிடுகிறார்கள். அதனால் கிடைப்பது பெண் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்று பிறர் விரும்பினார்கள் என்பதன் வரலாறு மட்டுமே. பெண்கள் உண்மையில் என்ன செய்தார்கள், எதை நம்பினார்கள், எதற்காகச் சண்டையிட்டார்கள் என்பதை அறிய வேண்டுமானால், அவர்கள் பொருள் கொடுத்த இடத்திலும், நிலம் வைத்திருந்த இடத்திலும், மனு எழுதிய இடத்திலும், வழக்காடிய இடத்திலும் முதலில் தேட வேண்டும். பணமும் நிலமும் கைமாறும்போது ஊரார் எழுதி வைத்தார்கள். எழுதி வைத்ததால் பெயர் தங்கியது. இந்த வழிகாட்டி முழுவதும் இந்த ஒரு கருத்தை ஒட்டியே அமைகிறது. இதற்குச் சென்னை மிகப் பொருத்தமான இடம். கல்வெட்டு நிறைந்த கோயில்கள், 17ஆம் நூற்றாண்டு முதலான அரசு ஆவணங்கள், பழைய இதழ்களைக் காக்கும் நூலகங்கள், இன்றும் வேண்டுதல் செய்துகொண்டிருக்கும் பெண்கள் ஆகிய எல்லாம் ஒரே நாளில் போய்வரும் தொலைவுக்குள் இங்கே கிடைக்கின்றன.

கேள்வியைச் சிறிதாக்குங்கள்

'தமிழகத்தில் பெண்களும் பக்தியும்' என்பது ஒருவருடைய வாழ்நாளில் முடியாத தலைப்பு. ஒரு கோயில், ஒரு தெரு, ஒரு பள்ளி, ஒரு வேண்டுதல், ஒரு சட்ட மசோதா என்று ஒன்றைப் பிடித்துக்கொள்ளுங்கள். திருவொற்றியூர்க் கோயிலில் விளக்கு எரிக்கக் கொடை கொடுத்த பெண்கள் யார்? 1842இல் அயர்லாந்திலிருந்து வந்து ஜார்ஜ் டவுனில் பள்ளி தொடங்கிய பிரசன்டேஷன் சபைக் கன்னியரிடம் எந்தக் குடும்பத்துச் சிறுமிகள் படித்தார்கள்? பெரியபாளையத்தில் வேப்பிலைகளைக் கோத்து உடுத்தும் வேப்பஞ்சேலை நேர்த்திக்கடன் உங்கள் குடும்பத்தில் எத்தனை தலைமுறையாக நடக்கிறது? இப்படிப்பட்ட கேள்விகளுக்கு விடை தேட இடம் உண்டு, ஆவணம் உண்டு, கேட்க ஆள் உண்டு. 'சமயம் பெண்ணை விடுவித்ததா, அடக்கியதா' என்ற கேள்வியைத் தொடக்கத்தில் வைத்துக்கொள்ள வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. அந்தக் கேள்வியோடு ஆவணத்தைத் திறப்பவர், தான் ஏற்கெனவே நம்பியதற்குச் சான்றுகளை மட்டும் பொறுக்கிக்கொண்டு வெளியே வருவார்.

பெண் பாடியதையும் பெண்ணைப் பற்றிப் பாடியதையும் பிரித்து வையுங்கள்

இந்தப் பயிற்சிக்குக் காரைக்கால் அம்மையாரைவிடச் சிறந்த தொடக்கம் இல்லை. அறுபத்துமூன்று நாயன்மார்களில் பெண்கள் மூவர்: காரைக்கால் அம்மையார், மங்கையர்க்கரசியார், இசைஞானியார். இவர்களில் தம் பாடல்கள் நமக்குக் கிடைத்திருப்பவர் அம்மையார் ஒருவரே. அவரைப் பற்றி நம்மில் பெரும்பாலோருக்குத் தெரிந்தது மாங்கனிக் கதைதான். கணவன் கொடுத்தனுப்பிய இரண்டு கனிகளில் ஒன்றைப் புனிதவதி அடியாருக்கு அளித்ததும், இறைவனிடம் வேண்டி இன்னொரு கனி பெற்றதும், அஞ்சிய கணவன் பரமதத்தன் பிரிந்து சென்று வேறொரு பெண்ணை மணந்ததும், அவர் உடலின் அழகை உதறிப் பேய் வடிவம் வேண்டிப் பெற்றதும் சேக்கிழார் பெரியபுராணத்தில் சொல்பவை. சேக்கிழார் குன்றத்தூரைச் சேர்ந்தவர். 12ஆம் நூற்றாண்டில் சோழர் அவையோடு தொடர்புடையவராக எழுதியவர். அம்மையாரின் காலமோ ஏறத்தாழ 6ஆம் நூற்றாண்டு. இருவருக்கும் இடையே அறுநூறு ஆண்டுகள் கிடக்கின்றன.

இப்போது அம்மையாரே பாடிய அற்புதத் திருவந்தாதியைத் தனியே எடுத்துப் படியுங்கள். 'பிறந்து மொழிபயின்ற பின்னெல்லாங் காதல் சிறந்துநின் சேவடியே சேர்ந்தேன்' என்று தொடங்கும் அந்த நூலில் கணவனும் இல்லை, கனியும் இல்லை. பேசக் கற்ற நாள் முதல் இறைவனிடம் வைத்த காதலை மட்டும் சொல்லித் தொடங்கும் அவர், நூலின் முடிவில் தம்மைக் காரைக்கால் பேய் என்று குறிப்பிடுகிறார். திருவாலங்காட்டுப் பதிகங்களில் சுடுகாடும், பேய்களும், நரிகளும், அவற்றின் நடுவே ஆடும் சிவனும் வருகின்றன. நல்ல மனைவி என்ற சொல்லுக்கு அங்கே வேலையே இல்லை. நல்ல இல்லாளாக வாழ்ந்து பின் துறவியானவர் என்ற வாழ்க்கை வரைவு அவருடைய பாடல்களில் காணப்படாதது; நம் கைக்கு அது சேக்கிழார் வழியாக வருகிறது.

இதனால் சேக்கிழாரைப் பொய் சொன்னவராக எண்ணிவிடக் கூடாது. இல்லறத்தைத் துறந்த ஒரு பெண்ணை 12ஆம் நூற்றாண்டுச் சைவ உலகம் எந்த வகையில் ஏற்றுக்கொள்ள முடிந்தது என்பதற்கு அவருடைய கதை அரிய சான்று. ஆகவே உங்கள் குறிப்பேட்டில் இரண்டு பக்கங்கள் ஒதுக்குங்கள்: ஒன்றில் அம்மையார் தம்மைப் பற்றிச் சொன்னவை, இன்னொன்றில் பிறர் அவரைப் பற்றிச் சொன்னவை, இரண்டின் மேலும் நூற்றாண்டு எழுதப்பட வேண்டும். அரக்கோணம் செல்லும் மின்சார ரயிலில் ஏறித் திருவாலங்காட்டுக்கு ஒரு முறை போய்வாருங்கள். கோயில்களில் நாயன்மார் வரிசை நிற்கும்போது அம்மையார் மட்டும் அமர்ந்த கோலத்தில் இருப்பதையும், அவருடைய எலும்புருவைச் சிற்பிகள் எப்படிச் செதுக்கினார்கள் என்பதையும் நேரில் பார்த்தால், பாடலும் புராணமும் சிற்பமும் மூன்று தனித்தனிச் சாட்சிகள் என்பது நன்றாகப் புரியும்.

ஆண் பாடியதிலும் பெண்களின் செயல் பதிவாகியிருக்கலாம். மயிலாப்பூரில் இறந்துபோன பூம்பாவையை விளித்துச் சம்பந்தர் பாடிய பதிகம் அந்த ஊரின் திருவிழாக்களை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு போகிறது. 'தையலார் கொண்டாடும் விளக்கீடு காணாதே போதியோ பூம்பாவாய்' என்ற அடியில், 7ஆம் நூற்றாண்டு மயிலையில் கார்த்திகை விளக்கீடு பெண்கள் கொண்டாடிய விழாவாகப் பேசப்படுகிறது. பூம்பாவை உயிர்பெற்ற அற்புதத்தை நம்புவதும் நம்பாததும் அவரவர் விருப்பம். விழாவைக் கொண்டாடியவர்கள் யார் என்ற செய்தி வரலாற்றுக்கு உரியது.

கல்வெட்டில் பெண்ணின் பெயரைக் கண்டுபிடிப்பது

கல்வெட்டு படிக்கப் பழைய எழுத்துப் பயிற்சி வேண்டுமே என்று அஞ்ச வேண்டாம். தென்னிந்தியக் கல்வெட்டுகள் தொகுதிகளில் பாடம் அச்சாகியிருக்கிறது. 1887 முதல் வெளிவந்த கல்வெட்டு ஆண்டறிக்கைகளில் சுருக்கங்கள் உள்ளன. கன்னிமாரா நூலகத்திலோ பல்கலைக்கழக நூலகத்திலோ அமர்ந்து படித்துக் குறிப்பெடுத்துக்கொண்டு, பிறகு கோயிலுக்குப் போய் அதே கல்லைத் தேடுங்கள். திருவொற்றியூர் தேரடி மெட்ரோ நிலையத்தில் இறங்கினால் சிறிது தூரத்தில் தியாகராசர் கோயில். அதன் சுவர்களில் இந்தப் பயிற்சிக்கு வேண்டிய அளவு எழுத்து உண்டு. மயிலாப்பூர்க் கபாலீசுவரர் கோயில் பிற்காலத்தில் எடுத்துக் கட்டப்பட்டது என்பதால், பழைய கல்வெட்டுகளை அங்கே நிறைய எதிர்பார்க்க முடியாது.

கொடைக் கல்வெட்டுக்கு ஓர் ஒழுங்கு உண்டு. 'ஸ்வஸ்திஸ்ரீ' என்ற மங்கலத் தொடக்கம், அரசனின் புகழ், ஆட்சியாண்டு, நாடும் ஊரும் கோயிலும், கொடுத்தவர், கொடுத்த பொருள், அதை ஏற்றுக்கொண்டவர், காப்பவர் என்று வரும். அவசரப்படுபவர்கள் அரசனின் பெயரோடு நின்றுவிடுவார்கள். நீங்கள் நேராகக் கொடுத்தவர் பகுதிக்குப் போங்கள். அங்கே ஒரு பெண் இருந்தால், அவள் யாருடைய மகள், யாருடைய மணவாட்டி, எந்தக் கோயிலின் தேவரடியாள் (கோயில் பணிக்கு உரியவள்), எந்த அரசி என்று எதைக் கொண்டு அடையாளம் காட்டப்படுகிறாள் என்று குறித்துக்கொள்ளுங்கள். பிறகு பொருளைப் பாருங்கள். இரவும் பகலும் எரியும் நந்தா விளக்கு ஒன்றுக்கு 90 அல்லது 96 ஆடுகள் கொடுப்பது பெருவழக்கு. ஆடுகளைப் பெற்றுக்கொள்ளும் இடையர் நாள்தோறும் உழக்கு நெய் கோயிலுக்கு அளக்கக் கடமைப்பட்டவர். மந்தையின் எண்ணிக்கை குறையாமல் பார்த்துக்கொள்ள வேண்டியதும் அவரே. அதனால்தான் அவற்றைச் சாவா மூவாப் பேராடு என்று எழுதினார்கள். ஆக, ஒரு பெண் ஒரு விளக்கு வைத்தாள் என்ற சிறு செய்திக்குள், அவளிடம் தொண்ணூறு ஆடுகளுக்கு ஈடான செல்வம் இருந்தது, அதை அவள் தன் பெயரில் கொடுக்க முடிந்தது, அதைக் காக்க ஊரில் ஏற்பாடு இருந்தது என்ற மூன்று செய்திகள் அடங்கியிருக்கின்றன.

பெரிய எடுத்துக்காட்டு தஞ்சையில் இருக்கிறது. முதலாம் இராசராசன் பல ஊர்க் கோயில்களிலிருந்து கோயில் பணிப்பெண்களான ஏறத்தாழ நானூறு தளிச்சேரிப் பெண்டுகளைக் கொண்டுவந்து பெரிய கோயிலைச் சுற்றிக் குடியமர்த்தினான். எந்தச் சிறகில் (தெருவின் வீட்டு வரிசையில்) எத்தனையாவது வீடு, அதில் இருப்பவள் எந்த ஊரின் எந்தக் கோயிலிலிருந்து வந்தவள், அவள் பெயர் என்ன, அவளுக்கு எத்தனை பங்கு என்று கல்லில் வரிசையாக வெட்டியிருக்கிறார்கள். ஒரு பங்கு என்பது ஆண்டுக்கு நூறு கலம் நெல். ஆயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய பெண்களின் பெயரையும் முகவரியையும் ஊதியத்தையும் சேர்த்துத் தரும் ஆவணம் உலகத்திலேயே அரிது. அதைப் பள்ளிப் பிள்ளைகள் ஒவ்வொருவரும் ஒரு முறையாவது வாய்விட்டுப் படிக்க வேண்டும் என்பது என் விருப்பம்.

தகராறுகளை விடாமல் தேடுங்கள். வந்தவாசி வட்டாரத்து விடால் என்ற ஊரில், முதலாம் ஆதித்த சோழன் காலத்துக் கல்வெட்டு ஒன்று கனகவீரக் குரத்தியார் என்ற சமணப் பெண் ஆசிரியரைப் பற்றிப் பேசுகிறது. அவருக்கு ஐந்நூறு மாணாக்கர் இருந்தார்கள். அவர்களுக்கும் நானூறு தவப்பெண்களுக்கும் இடையே பிணக்கு எழுந்தது. குரத்தியாரையும் அவருடைய மாணாக்கரையும் காத்து உணவளிப்பதாக அவ்வூர்ச் சமண இல்லறத்தார் பொறுப்பேற்றார்கள். இந்தப் பிணக்கு எழாமல் இருந்திருந்தால், 9ஆம் நூற்றாண்டில் தொண்டை மண்டலத்தில் ஒரு பெண் இத்தனை பெரிய கூட்டத்துக்கு ஆசிரியராக இருந்தார் என்பதே நமக்குத் தெரிந்திருக்காது. திருவொற்றியூரிலும் சம்புவராயர் காலத்துக் கல்வெட்டுகளில் தேவரடியாரும் மற்றக் கோயில் பணிப்பெண்களும் யார் எந்தப் பணியைச் செய்வது என்று முறை கேட்டுப் போராடியது பதிவாகியிருக்கிறது.

எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் ஒரு மசோதாவைப் பின்தொடர்வது

தமிழ்நாடு ஆவணக் காப்பகம் எழும்பூர் ரயில் நிலையத்துக்கு அருகில் இருக்கிறது. அதன் மிகப் பழைய பதிவுகள் 1670ஆம் ஆண்டைச் சேர்ந்தவை. ஆராய்ச்சி அனுமதிக்கு நிறுவனத்தின் கடிதமும் அடையாளச் சான்றும் கொண்டு செல்லுங்கள். அட்டவணைகளில் 'பெண்கள்' என்ற தலைப்பில் எதிர்பார்த்த அளவு கிடைக்காது. கோயில், இனாம் (பணிக்காக வரி நீக்கி விடப்பட்ட நிலம்), விதவை, தத்து, வாரிசு, மதமாற்றம், மனு ஆகிய தலைப்புகளின் கீழ் அவர்கள் சிதறிக் கிடக்கிறார்கள். அரசாணையின் எண், துறை, நாள் மூன்றையும் எழுதாமல் ஒரு வரியைக்கூடக் குறிப்பெடுக்காதீர்கள்.

இங்கே பயிலத் தகுந்த பொருள் தேவதாசி ஒழிப்பு விவாதம். 1927இல் சென்னை மாகாணச் சட்ட மேலவைக்கு வந்த முத்துலட்சுமி ரெட்டி, கோயிலுக்குப் பெண்களைப் பொட்டுக்கட்டி விடும், அதாவது தாலி கட்டி இறைவனுக்கு உரியவராக்கும், வழக்கத்தை நிறுத்தப் பாடுபட்டார். 1929இல் அறநிலையச் சட்டத்தில் செய்யப்பட்ட திருத்தம், கோயில் பணிக்காகப் பெண்கள் அனுபவித்து வந்த இனாம் நிலங்களைப் பணியிலிருந்து பிரித்து, நிலம் அவர்களிடமே தங்க வழி செய்தது. 1947இல் பொட்டுக்கட்டுவதே சட்டப்படி தடை செய்யப்பட்டது. இந்த வரலாற்றை ஒரே குரலில் எழுதிவிடுவது எளிது. அப்படி எழுதியவர்களும் நிறையப் பேர். ஆனால் காப்பகத்திலும் அக்கால அச்சுப் பிரதிகளிலும் குறைந்தது மூன்று பெண் குரல்கள் ஒலிக்கின்றன.

முதல் குரல் முத்துலட்சுமி ரெட்டியுடையது. அவருடைய தாய் தேவதாசி மரபில் வந்தவர் என்பதையும், அவர் மருத்துவர் என்பதையும், பிற்காலத்தில் அடையாற்றில் ஔவை இல்லத்தை நடத்தியவர் என்பதையும் சேர்த்துப் படிக்க வேண்டும். இரண்டாவது, மசோதாவை எதிர்த்துச் சங்கமாகக் கூடி மனு அளித்த சென்னை தேவதாசிகளுடையது. அவர்களுள் முன்னணியில் நின்றவர் பெங்களூர் நாகரத்தினம்மாள். தம் உடைமையைச் செலவிட்டுத் திருவையாற்றில் தியாகராசர் சமாதிக்குக் கோயில் எழுப்பியவரும், அங்கே பெண்களும் பாட இடம் வேண்டும் என்று போராடியவரும் அவரே. கலையையும் பக்தியையும் சொத்துரிமையையும் ஒன்றாகப் பறிக்கிறீர்கள் என்பது அந்த அணியின் வாதம். மூன்றாவது, மூவலூர் இராமாமிர்தம் அம்மையாருடையது. அந்த வாழ்க்கையை உள்ளிருந்து அறிந்தவரான அவர், சுயமரியாதை இயக்கத்தின் மேடைகளில் அதைக் கடுமையாகத் தாக்கிப் பேசினார். 1936இல் அதைப் பற்றி ஒரு நாவலும் எழுதினார்.

மூவரும் பெண்கள், மூவருக்கும் அந்த மரபோடு உறவு உண்டு, மூவரும் மூன்று முடிவுக்கு வந்தார்கள். சட்டம் வேண்டியிருந்தது என்றே நான் நினைக்கிறேன். ஆயினும் அந்த மனுக்களைப் படிக்காமல் அவ்வாறு சொல்வது அந்தப் பெண்களுக்கு இழைக்கும் அநீதி. ஒரு தாளில் மூன்று பேரும் நிலம், திருமணம், இறைப்பணி, கலை, மானம் ஆகியவை பற்றிச் சொன்னதை எதிரெதிரே எழுதிப் பாருங்கள். எதைப் பற்றி ஒருவர் பேசவே இல்லை என்பது அப்போதுதான் தெரியும்.

இதழ்களும் பாட்டு நோட்டுகளும்

தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம், கோட்டையூரில் ஒரு தனி மனிதர் சேர்த்த நூல்களையும் இதழ்களையும் அடித்தளமாகக் கொண்டு 1994இல் உருவானது. பாரதியார் ஆசிரியராக இருந்த சக்கரவர்த்தினி, திருவல்லிக்கேணியில் வாழ்ந்த வை.மு. கோதைநாயகி அம்மாள் 1925 முதல் நடத்திய ஜகன்மோகினி, அடையாற்றில் 1917இல் தொடங்கிய இந்திய மாதர் சங்கத்தின் ஸ்த்ரீ தர்மா, 1925இல் தொடங்கிய குடி அரசு ஆகியவற்றை அட்டவணையில் தேடுங்கள். கோதைநாயகி பள்ளி சென்று எழுதப் பழகாதவர். தம் முதல் நாடகத்தைத் தோழி எழுத, தாம் சொல்லிச் சொல்லி முடித்தவர். இத்தகைய ஒருவர் நடத்திய இதழில் நோன்பும் தேசியமும் விதவையின் துயரமும் ஒரே அட்டைக்குள் எப்படி இடம்பெற்றன என்று பாருங்கள். தலையங்கத்தை மட்டும் படித்துவிட்டு எழுந்துவிட வேண்டாம். வாசகியர் கடிதமும், விரதச் சமையல் குறிப்பும், குங்குமம், பஞ்சாங்கம் முதலியவற்றின் விளம்பரமும் அந்தக் காலத்துப் பெண்ணின் சமய வாழ்வைத் தலையங்கத்தைவிட நன்றாகச் சொல்லும்.

ராயப்பேட்டையிலிருந்து 1907இல் அயோத்திதாசர் தொடங்கிய ஒரு பைசாத் தமிழனையும் இந்த வரிசையில் சேர்த்துப் படிக்க வேண்டும். மேல்சாதி வீட்டு விதவையின் துயரத்தை மட்டும் வைத்துக்கொண்டு 'பெண்களின் நிலை' என்று எழுதும் பழக்கம் நம்மிடம் நெடுநாள் இருந்தது. பௌத்தத்தின் பக்கம் திரும்பிய ஒடுக்கப்பட்ட குடும்பங்களின் வாழ்வை அந்த இதழ் வேறு கோணத்தில் காட்டும்.

சமயம் என்றால் பழமை, பகுத்தறிவு என்றால் புதுமை என்று பெண்களை இரண்டு பக்கமாக நிறுத்தி வைக்காமல் இருக்கவும் இதழ்கள் உதவும். 1938 நவம்பர் 13 அன்று சென்னையில் நடந்த தமிழ்நாட்டுப் பெண்கள் மாநாட்டில்தான் ஈ.வெ.ரா.வுக்குப் பெரியார் என்ற பட்டம் வழங்கத் தீர்மானித்தார்கள். அந்த மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர் நீலாம்பிகை அம்மையார். சைவப் பேரறிஞர் மறைமலையடிகளின் மகள், தாமும் சைவத் தமிழ் மரபில் ஊறியவர். இந்த ஒரு நிகழ்ச்சியை விளக்க முடியாத எந்தக் கோட்பாடும் நம் ஊருக்குப் பொருந்தாது.

அச்சேறாத ஆவணம் உங்கள் வீட்டுப் பரணிலும் இருக்கலாம். பாட்டிமார் எழுதி வைத்த பாட்டு நோட்டுகளைத் தேடுங்கள். நலங்குப் பாட்டு, ஊஞ்சல் பாட்டு, அம்மன் தாலாட்டு, கும்மி என்று எழுதிக்கொண்டு போய், கடைசிப் பக்கங்களில் பால் கணக்கும் பேரப்பிள்ளைகளின் நட்சத்திரங்களும் நோன்பு நாட்களும் இருக்கும். எந்தப் பாட்டில் மை மாறுகிறது, எந்தப் பாட்டை இன்னொருவர் கையெழுத்து எழுதியிருக்கிறது என்பதைக் கவனித்தால், யாரிடமிருந்து யார் கற்றார்கள் என்ற வழி தெரியும்.

தேவாலயமும் பள்ளிவாசலும்

தேவாலயங்களின் ஞானஸ்நான, திருமணப் பதிவேடுகளில் பெண்ணின் பழைய பெயர், புதிய பெயர், ஞானத்தாயின் பெயர் ஆகியவை இருக்கக்கூடும். பங்குத்தந்தையிடமோ ஆயரிடமோ எழுத்து மூலம் அனுமதி கேளுங்கள். கீழ்ப்பாக்கத்தில் உள்ள குருகுல் லுத்தரன் இறையியல் கல்லூரியில் மிஷன் ஆவணங்கள் உண்டு. மிஷன் பெண்கள் எழுதிய அறிக்கைகளைப் படிக்கும்போது, அவை பணம் அனுப்பும் வெளிநாட்டு வாசகருக்காக எழுதப்பட்டவை என்பதை மறக்க வேண்டாம். வீடு வீடாகச் சென்று கற்பித்த தமிழ்க் 'பைபிள் அம்மா'க்களின் பெயர்கள் அவற்றில் பெரும்பாலும் பாதிதான் இருக்கும். அவற்றைப் பதிவேடுகளோடு ஒப்பிட்டு முழுமையாக்குவது மிகவும் பயனுள்ள வேலை. சென்னை மருத்துவக் கல்லூரியில் 1878இல் சேர்ந்து, உடல்நலக் குறைவால் படிப்பை நிறுத்தி, 1894இல் இங்கேயே மறைந்த கிருபாபாய் சத்தியநாதன் போன்றவர்களின் எழுத்தில், மதம் மாறிய குடும்பத்துப் பெண்ணின் மனம் உள்ளிருந்தே பேசுகிறது. அண்மைக்கால வரலாற்றை எழுதுவோர், 1947இல் சென்னை புனித ஜார்ஜ் பேராலயத்தில் உருவான தென்னிந்தியத் திருச்சபை 1976இல் முதல் பெண்ணைக் குருவாக அருட்பொழிவு செய்ததையும், 2013இல் முதல் பெண் ஆயரை நியமித்ததையும், 2021இல் மாடம்பாக்கம் தேனுபுரீசுவரர் கோயிலில் பெண் ஓதுவார் ஒருவர் பணியமர்த்தப்பட்டதையும் அருகருகே வைத்துப் பார்க்கலாம்.

முஸ்லிம் பெண்களின் வரலாற்றுக்கு ஜமாஅத்தின் திருமணப் பதிவேடு முதன்மையான ஆவணம். அதில் மணமகன் தருவதாக மணமகளுக்கு எழுதப்பட்ட மஹர் தொகை, தலைமுறை தலைமுறையாக எப்படி மாறியது என்பதே ஒரு கட்டுரைக்குப் போதும். அறிவுரை கூறும் பெண்புத்தி மாலை போன்றவற்றை ஒரு பக்கமும், 1938இல் நாவல் எழுதி வெளியிட்ட நாகூர் சித்தி ஜுனைதா பேகத்தின் எழுத்தை மறுபக்கமும் வைத்துப் படிப்பது, காரைக்கால் அம்மையாரிடம் கற்ற அதே பயிற்சிதான். பெண்களின் தொழுகை, மௌலூது (நபியைப் புகழ்ந்து ஓதுதல்), நோன்புக் கஞ்சி பற்றி அறியப் பெண்களிடமே போங்கள்.

கேட்டு எழுதும் முறை

வாழும் பெண்களிடம் கேட்பதே இந்த வேலையின் மிக இனிய பகுதி. மிகுந்த பொறுப்புக்குரிய பகுதியும் அதுவே. 'அம்மா, கடவுள் நம்பிக்கை உங்களுக்கு என்ன தந்தது?' என்று கேட்டால், 'எல்லாம் அவ அருள்தான்' என்ற ஒரே விடைதான் கிடைக்கும். நடந்ததைக் கேளுங்கள். தீட்டு நாட்களில் வீட்டில் எந்த மூலையில் இருந்தீர்கள், சோறு யார் போட்டார்கள், அந்தப் பழக்கம் எந்த வீட்டுக்குக் குடிபோன பிறகு நின்றது? ஆடிக் கூழுக்குத் தெருவில் பணம் வசூலித்தது யார், கணக்கு நோட்டு யாரிடம் இருந்தது? முதன்முதலாகச் சாமி வந்தபோது பக்கத்தில் யார் இருந்தார்கள், அதற்குப் பிறகு மாமியார் பேசும் விதம் மாறியதா? இவற்றுக்கு வரும் விடைகளில் பெயரும் ஆண்டும் இடமும் தாமாகவே வந்து சேரும்.

பெரியபாளையம் பவானி அம்மன் கோயிலில் வேப்பஞ்சேலை கட்டி வலம் வரும் பெண்ணைப் பற்றி எழுதுவதாக வைத்துக்கொள்வோம். கணவன் உயிர் பிழைக்க வேண்டிக்கொண்ட வேண்டுதல் என்ற ஒரு வரியோடு நிறுத்தினால் அது செய்தி. வேப்பிலையை யார் கோத்தது, உடன் வந்த பெண்கள் யார் யார், வேண்டிக்கொண்டது எந்த மருத்துவமனையின் வாசலில், எந்த நேரத்தில், கணவனுக்கு அந்த வேண்டுதல் தெரியுமா, குழந்தைக்காக வேண்டியிருந்தால் இதையே செய்திருப்பாரா என்று கேட்டுக்கொண்டே போனால் வரலாறு. மேல்மருவத்தூர் சக்தி பீடத்தில் மாதவிலக்கு நாட்களிலும் பெண்கள் வழிபடலாம் என்ற வழக்கம், செவ்வாடை அணிந்து அங்கே சென்ற பெண்களின் வீட்டு வழக்கத்தை மாற்றியதா, அல்லது கோயிலோடு நின்றுவிட்டதா என்பது இன்றும் கேட்டு எழுத வேண்டிய கேள்வி. அந்த முதல் தலைமுறைப் பெண்கள் இப்போது முதுமையில் இருக்கிறார்கள் என்பதால் காலம் தாழ்த்தக் கூடாது. பெசன்ட் நகர் வேளாங்கண்ணி ஆலயத்தில் மெழுகுவர்த்தி ஏற்றும் பெண்களில் எல்லாரும் கிறித்தவர் அல்லர். அவர்களை எந்த மதத்தின் கணக்கில் எழுதுவது என்று குழம்ப வேண்டாம். அவர் சொல்வதை அப்படியே எழுதுங்கள்.

பால்மை என்றால் பெண் மட்டும் இல்லை. சித்திரையில் கூவாகம் கூத்தாண்டவர் கோயிலுக்குச் சென்று தாலி கட்டிக்கொண்டு, மறுநாள் அதை அறுத்து அழும் திருநங்கையரில் பலர் சென்னையில் வாழ்கிறார்கள். அவர்களிடம் திருவிழாவை மட்டும் கேட்டுவிட்டுத் திரும்புவது பெருங்குறை. அன்றாடம் அவர்கள் வீட்டில் எந்தச் சாமிக்கு விளக்கேற்றுகிறார்கள், தாய் என்று ஏற்றுக்கொண்ட மூத்த திருநங்கையிடமிருந்து எந்த வழிபாட்டைக் கற்றார்கள் என்பதையும் கேளுங்கள்.

ஒலிப்பதிவு செய்வதற்கு முன் அனுமதி கேட்க வேண்டும்; பேசி முடித்த பிறகு, எந்தப் பகுதியை வெளியிடலாம், எதை வெளியிடக் கூடாது என்று மீண்டும் கேட்க வேண்டும். தேவதாசி மரபில் வந்த குடும்பங்களின் பெயரை அவர்கள் வெளிப்படையாக ஒப்புக்கொண்டால் அன்றி எழுதாதீர்கள்; அந்தப் பெயரால் பட்ட அவமானத்தை மறக்க அவர்கள் இரண்டு தலைமுறையாக உழைத்திருக்கிறார்கள். எழுதும்போது பெண்ணை அவள் பெயரால் எழுதுங்கள். இன்னாருடைய மனைவி என்ற குறிப்பை ஆவணம் கோரும் இடத்தில் மட்டும் வையுங்கள். சாதியை மறைக்காதீர்கள், ஏனெனில் கருவறைக்கு எத்தனை அடி தொலைவில் ஒரு பெண் நின்றாள் என்பதை அவள் பெண்ணாக இருந்ததோடு சேர்ந்து சாதியும் முடிவு செய்தது.

கட்டுரையின் முதல் வரைவைப் பேசிய பெண்ணிடம் வாசித்துக் காட்டுங்கள். படிக்கத் தெரியாதவராக இருந்தால் உட்கார்ந்து முழுதும் படித்துச் சொல்லுங்கள். பாட்டு நோட்டு கிடைத்திருந்தால் பிளாஸ்டிக் ஒட்டி உறையிடாமல், பக்கம் பக்கமாகப் படமெடுத்து, மூல நோட்டைக் குடும்பத்திடமே திருப்பித் தாருங்கள். ஒலிக்கோப்பின் பெயரில் நாள், ஊர், பேசியவர் விரும்பிய பெயர் ஆகிய மூன்றையும் இட்டு, ஒரு படியைக் குடும்பத்துக்கும் இன்னொரு படியை, அவர்கள் விதித்த நிபந்தனைகளை எழுதிய தாளோடு சேர்த்து, ஓர் ஆராய்ச்சி நூலகத்துக்கும் கொடுத்துவிடுங்கள்.